இரண்டு நாள் செலவு: தென்காசியும் குற்றாலமும்

‘செலவு’ என்னும் சொல்லுக்குப் பணம் கரைவது ஒன்றே பொருள் என இன்றைய மாணவர் கருதுகின்றனர். பழந்தமிழில் அச்சொல் பயணத்தையே குறித்தது. பொருள் தேடப் புறப்பட எண்ணிய தலைவன், தலைவியின் வாட்டம் கண்டு போகாது தயங்கி நிற்றலைச் ‘செலவழுங்குதல்’ என அகப்பொருள் இலக்கணம் பேசும். எம் துறையிலும் சில ஆண்டுகள் இச்செலவழுங்குதல் முறையாக நிகழ்ந்து வந்தது. கல்விச் சுற்றுலா என்று அறிவிப்பு வரும், குற்றாலம் என்று முடிவாகும், பேருந்து பேசப்படும், பின்னர்ப் பெற்றோர் தயக்கத்தாலோ அருவியில் வெள்ளம் என்ற செய்தியாலோ அனைத்தும் நின்றுபோகும்.

நின்றுபோகாத ஓர் ஆண்டின் கதை அதனினும் வருந்தத்தக்கது. சூலைத் திங்களில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. நாற்பதுக்கு மேற்பட்ட மாணவ மாணவியர். சாரல் பருவத்து ஞாயிறு என்பதை எவரும் எண்ணிப் பார்க்கவில்லை. தென்காசியிலிருந்து குற்றாலம் ஐந்தாறு கிலோமீட்டர்தான். அவ்வழியைக் கடக்கவே எங்கள் பேருந்துக்கு நெடுநேரம் ஆயிற்று. பேரருவியில் வரிசை. ஐந்தருவியில் அதனினும் நீண்ட வரிசை. நனைந்தோம், உண்டோம், திரும்பினோம். அடுத்த திங்கள் நடந்த வாய்மொழித் தேர்வில், குற்றாலக் குறவஞ்சியைப் பாடமாகப் படித்த மாணவி ஒருத்தியிடம், “திரிகூடம் என்பது யாது? நீ பார்த்தாயா?” என்று வினவினோம். அம்மூன்று சிகரங்களின் அடியில் அரைநாள் நின்றவள் அவள். “அருவி மட்டும்தான் சார் பார்த்தோம்” என்றாள். பிழை அவளுடையது அன்று. அழைத்துச் சென்ற எம்முடையது.

அதன் பின்னரே இரண்டு நாள் செலவு ஒன்றை முறையாக வகுக்கத் தொடங்கினோம். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து புறப்படும் எந்தத் துறைக்கும், எந்தக் குடும்பத்துக்கும் பயன்படும் என்று கருதி அதனை ஈண்டு விரித்துரைக்கின்றோம்.

முதலில் காலம். தென்மேற்குப் பருவக்காற்று சூன் தொடக்கத்தில் கேரளத்தை அடைகின்றது. மேற்குத் தொடர்ச்சி மலை அக்காற்றின் நீரையெல்லாம் மேலைப் புறத்திலேயே பொழியச் செய்துவிடுவதால், கீழைப் புறத்து நிலம் பெரிதும் மழை மறைவில் கிடக்கின்றது. ஆனால் ஆரியங்காவுக் கணவாய்ப் பக்கம் மலை தாழ்ந்திருத்தலின், அவ்வழியே குளிர்காற்றும் நுண்துளியும் கடந்து வந்து செங்கோட்டை, குற்றாலம், தென்காசி வட்டாரத்தை நனைக்கின்றன. இதுவே சாரல். திருநெல்வேலியில் வெயில் காயும்போது ஒரு மணி நேரப் பயணத்தில் குடை விரிக்க வேண்டியிருப்பதன் காரணம் இதுதான். சூன் முதல் ஆகத்து முடிய இப்பருவம். அக்டோபர் முதல் டிசம்பர் வரை வடகிழக்குப் பருவத்திலும் அருவிகள் விழும். ஆயினும் அப்போது சாரல் அன்று, கொட்டும் மழை. வெள்ளப் பெருக்கு அடிக்கடி உண்டு. மாணவரை அழைத்துச் செல்ல அது ஏற்ற காலம் அன்று. சூலையில் வார நாள்கள் இரண்டைத் தேர்க. சனி, ஞாயிறு, சாரல் விழா நாள்கள், ஆடி அமாவாசை ஆகியவற்றை விலக்குக. வெள்ளிக்கிழமையையும் யாம் விலக்குகின்றோம். ஜும்ஆவுக்காக நடுப்பகல் முழுவதையும் ஒதுக்க வேண்டியிருத்தலின் இரண்டு நாள் திட்டம் குலைகின்றது. செவ்வாயும் புதனும் எமக்கு ஒத்து வந்தன.

காலையில் திருநெல்வேலிச் சந்திப்பில் செங்கோட்டை செல்லும் தொடர்வண்டியில் ஏறுக. பேருந்தினும் இதுவே நன்று. சேரன்மகாதேவி, அம்பாசமுத்திரம், ஆழ்வார்குறிச்சி, கீழக்கடையம், பாவூர்ச்சத்திரம் என ஊர்கள் கடக்கும். பொதிகை மலை கூடவே வரும். மருதத்திலிருந்து குறிஞ்சிக்கு நிலம் மெல்ல மாறுவதைத் திணை மயக்கம் படிக்கும் மாணவர் சாளரத்தின் வழியே காணலாம்.

முதல் நாள் முற்பகல் முழுவதும் தென்காசிக்கு உரியது. இதில் விட்டுக்கொடுத்தல் ஆகாது. 2019 நவம்பர் 22 முதல் தனி மாவட்டத்தின் தலைநகராக விளங்கும் இவ்வூரைக் குற்றாலம் செல்வோர் பேருந்து மாறும் இடமாகவே கருதிக் கடந்துவிடுகின்றனர். மதுரையை இழந்த பாண்டியர் மரபு தெற்கே ஒதுங்கித் தன் கடைசி நூற்றாண்டுகளைக் கழித்த தலைநகர் இது என்பதை நினைப்பார் சிலரே. 1422இல் அரியணை ஏறிய அரிகேசரி பராக்கிரம பாண்டியன் இங்குக் காசி விசுவநாதர் கோயிலை எழுப்பினான். இராசகோபுரத்துக்கு 1457இல் அடியிட்டான். அது முடியுமுன் 1463இல் அவன் மறைய, தம்பி குலசேகரன் முடித்து வைத்தான். ஒன்பது நிலைகள், ஏறத்தாழ 180 அடி உயரம். சாரல் காலத்தில் கிழக்கு நோக்கிய அக்கோபுர வாயிலுள் நுழைவோரை மேல்காற்று எதிர்வந்து தள்ளும். அதனைச் சிறுவர் பெரிதும் விரும்புவர். உட்புறத் திருவோலக்க மண்டபத்துத் தூண்களில் வீரபத்திரர், இரதி, மன்மதன் முதலிய ஆளுயரச் சிற்பங்கள் ஒற்றைக் கல்லில் செதுக்கப்பட்டுள்ளன.

இங்குள்ள கல்வெட்டுப் பாடல்களுள் ஒன்றை மாணவர் தவறாது அறிதல் வேண்டும். கோயில் கட்டிய மன்னர் தம் புகழைக் கல்லில் பொறிப்பது இயல்பு. அழித்தவரைச் சபிப்பதும் இயல்பு. பராக்கிரம பாண்டியன் வேறொன்று செய்தான். பிற்காலத்தில் இக்கோயிலுக்குக் குறை ஏதும் நேருமாயின், அங்கு வந்து அதனை நீக்கிக் காப்பவர் எவராயினும், உலகறிய அவரைத் தான் பணிவதாக எழுதி வைத்தான். குறையும் நேர்ந்தது. 1924இல் கோபுரம் நெருப்புக்கு இரையாகிச் சிதைந்தது. அறுபது ஆண்டுகளுக்கு மேல் சிதைவுடனேயே நின்றது. பின்னர்த் திரு. பா. சிவந்தி ஆதித்தனாரின் முயற்சியால் புதுக்கப்பெற்று 1990 சூன் 25இல் குடமுழுக்குக் கண்டது. ஐந்து நூற்றாண்டுகளுக்கு முன்னரே அம்மன்னன் வணங்கி வைத்த வணக்கம் அன்று உரியோரைச் சேர்ந்தது எனலாம்.

இவ்விடத்தில் ஒன்றைக் கூறாது செல்லுதல் நேர்மை ஆகாது. சிறுபான்மையினர் நடத்தும் கல்லூரியிலிருந்து மாணவரைக் கோயிலுக்கு அழைத்துச் செல்வது பற்றி ஊர்ப் பெரியோரிடையே ஐயம் எழுதல் இயல்பே. பேத்தியை எம் துறையில் சேர்த்திருந்த பெரியவர் ஒருவர் அறைக்கே வந்துவிட்டார்.

“ஏன் தம்பி, நம்ம பிள்ளைகளைக் கோயிலுக்கா கூட்டிட்டுப் போறிய?”

“கும்பிட இல்ல மாமா. கல்வெட்டுப் படிக்கக் கூட்டிட்டுப் போறோம்” என்று கூறி, அப்பாடலின் பொருளை விளக்கினோம். சற்று நேரம் பேசாதிருந்தார்.

“ராசாவே கும்பிடுதாரா? யாரை, கட்டினவங்களையா?”

“இல்ல மாமா, பின்னால வந்து பழுது பார்க்கப் போறவங்களை.”

“யாருன்னே தெரியாம?”

“தெரியாமத்தான்.”

அதன் பின் அவர் கேட்டவை இரண்டே: தொழுகைக்கு எங்கு இடம், இரவில் பெண்பிள்ளைகளுடன் யார் தங்குவார்கள். இரண்டும் நியாயமான வினாக்கள். திட்டத்தில் விடை இருக்கவே செய்தது. தென்காசியிலும் சுற்றுப்புறத்து ஊர்களிலும் பள்ளிவாசல்கள் பல உள்ளன. முதல் நாள் லுஹரைத் தென்காசியிலேயே தொழுதுவிடலாம். பயணிக்கு உரிய சலுகைகள் இத்தொலைவுக்குப் பொருந்துமா என்பதை மார்க்க அறிஞரிடம் கேட்டுத் தெளிக; எம் திட்டத்தில் ஐவேளையும் உரிய நேரத்தில் தொழ இடமுண்டு. மாணவியர் தங்கும் தளத்திலேயே பேராசிரியைகள் இருவர் தங்கினர். கோயிலுக்குள் செல்லுமிடத்துப் பிற சமயத்தார்க்கு எதுவரை இசைவோ அதுவரையே செல்லுதலும், வழிபடுவோர்க்கு இடையூறின்றி நிற்றலும், படம் எடுக்க இசைவு கேட்டலும் எம் மாணவர்க்கு முன்னரே சொல்லப்படும். நண்பகலில் கோயில் நடை சாத்தப்படும் ஆதலின் காலையிலேயே சென்றுவிடுதல் வேண்டும்.

தென்காசி நமக்கு அயலான ஊரும் அன்று. நறுந்தொகை என்னும் வெற்றிவேற்கையையும் நைடதத்தையும் காசி காண்டத்தையும் இயற்றிய அதிவீரராம பாண்டியன் பதினாறாம் நூற்றாண்டில் இங்கிருந்து ஆண்டவன். தக்கலையில் அடங்கியுள்ள மெய்ஞ்ஞானி பீர்முகம்மது அப்பா பிறந்த ஊரும் இதுவே என்பது வழிவழி வரும் மரபு. அவர் இயற்றிய நூல்களுள் ஒன்று ஞானக்குறம். குறி சொல்லும் குறத்தியை வைத்துப் பாடும் குறம் என்னும் இலக்கிய வகையைக் கையாண்டு அவர் இறைஞானம் பேசினார். அவருக்குப் பிற்பட்ட காலத்தில், தென்காசிக்கும் குற்றாலத்துக்கும் இடையிலுள்ள மேலகரத்தில் தோன்றிய திரிகூடராசப்பக் கவிராயர் அதே குறத்தியை வைத்துக் குற்றாலக் குறவஞ்சி பாடினார். சூஃபி ஒருவரும் சைவர் ஒருவரும் பிறந்த இடங்கள் நடந்து செல்லும் தொலைவில் அமைந்திருக்கின்றன. இரு நூல்களையும் வெவ்வேறு தாள்களில் தனித்தனியே படிக்கும் மாணவர்க்கு இதனைச் சாலையிலேயே நிறுத்திக் காட்டினால் மறவார்.

பிற்பகல் குற்றாலம். சிறிய ஆலமரம் என்னும் பொருளில் ‘குறு ஆல்’ என்பதிலிருந்து இப்பெயர் வந்தது என்பர். திருஞானசம்பந்தர் குற்றாலத்தையும் அங்குள்ள குறும்பலாவையும் தனித்தனிப் பதிகங்களால் பாடியுள்ளார். எனவே ஏழாம் நூற்றாண்டிலேயே புகழ் பெற்ற இடம் இது. பேரருவியை ஒட்டியுள்ள குற்றாலநாதர் கோயில் சங்கு வடிவில் அமைந்தது. ஆயின் எம் கருத்தில், நேரம் குறைவாயின் முதலில் காணத்தக்கது சித்திர சபையே. நடராசருக்குரிய ஐந்து சபைகளுள் ஒன்றாகிய இது, கோயிலிலிருந்து சற்றுத் தள்ளித் தனியே குளத்துடன் அமைந்துள்ளது. பிற சபைகளில் திருமேனி, இங்கு ஓவியம். இயற்கை வண்ணங்களால் சுவரெங்கும் தீட்டிய புராணக் காட்சிகளில் அக்கால உடை, அணிகலன், இசைக்கருவி ஆகியவற்றை மாணவர் காணலாம். சுவரைத் தொடாதிருக்குமாறு சொல்லி அழைத்துச் செல்லுதல் கடமை. விரல் எண்ணெய் ஓவியத்துக்குப் பகை. பெயர் பொறிக்கும் கைகளோ அதனினும் பெரும் பகை.

மாலையில் பேரருவியைக் காணுதல் மட்டும்; நீராடுதல் மறுநாள். இங்குச் சொல்லைப் பற்றி ஒரு குறிப்பு. ‘நீர்வீழ்ச்சி’ என்று எழுதும் வழக்கம் மாணவரிடையே பரவிவிட்டது. அருவி என்னும் அழகிய சொல் இருக்க, ஆங்கிலச் சொல்லைப் பிரித்துப் பெயர்த்த இது எதற்கு என்று எமக்கு விளங்கவில்லை. மக்கள் வழக்கில் இன்றும் பேரருவி, சிற்றருவி, செண்பகாதேவி அருவி, தேனருவி, ஐந்தருவி, புலியருவி, பழத்தோட்ட அருவி, பழைய குற்றால அருவி என்றே வழங்கி வருகின்றன.

பேரருவி ஏறத்தாழ 60 மீட்டர் உயரத்திலிருந்து விழுகின்றது. அத்துணை உயரத்து நீர் நேரே தலைமேல் விழுமாயின் எவரும் நிற்றல் இயலாது. இடையில் பாறையில் ஆழ்ந்த பள்ளம் ஒன்று உள்ளது. அதற்குப் பொங்குமாகடல் என்று பெயர். நீர் முதலில் அதில் விழுந்து, பொங்கி, வேகம் தணிந்த பின்னரே பாறைமுகத்தில் பரந்து இறங்குகின்றது. கீழே நிற்பவர் தோளில் விழும் இன்பமான அடி, மேலே அப்பள்ளம் தாங்கிக்கொண்ட பேரடியின் மிச்சமே ஆகும்.

எனினும் பொங்குமாகடலும் தாங்காத நாள்கள் உண்டு. 2024 மே 17ஆம் நாள் பழைய குற்றால அருவியில் திடீரெனப் பெருகிய வெள்ளம் பதினேழு வயது மாணவர் ஒருவரை அடித்துச் சென்றது; அவர் உயிருடன் மீளவில்லை. எம் வகுப்பறையில் அமர்ந்திருக்கும் வயது. அருவியின் அடியில் வானம் தெளிந்திருக்கலாம். மேலே மலைமுகட்டில் மழை கொட்டிக்கொண்டிருக்கலாம். சரிவு செங்குத்தாதலின் அந்நீர் கீழே வர நெடுநேரம் ஆவதில்லை. நீரின் நிறம் கலங்குதல், சருகும் சுள்ளியும் கூடுதலாக வருதல், ஓசை மாறுதல் ஆகியன முன்னறிகுறிகள். இவற்றுள் ஒன்று தென்படினும் அக்கணமே வெளியேறுதல் வேண்டும். எம் விதி இது: நீராடும் நேரம் முழுவதும் ஆசிரியர் ஒருவர் நனையாமல் ஊதுகுழலுடன் கரையில் நிற்பார், அவர் பார்வை மாணவர் மேல் அன்று, அருவியின் மேல். அவர் ஊதினால் காரணம் கேளாது வெளியேற வேண்டும். ஒரு முறை காரணமின்றியே ஊதிவிட்டதாக எம்மைப் பகடி செய்தனர். அப்பகடியை மகிழ்வுடன் ஏற்றுக்கொண்டோம். பேரருவியில் பாதுகாப்பு வளைவைக் கடந்து நீர் விழும்போது காவல்துறையினர் குளிக்கத் தடை விதிப்பர். அவர்களுடன் வாதிடுதல் கூடாது. செண்பகாதேவிக்கும் தேனருவிக்கும் வனத்துறை இசைவின்றி ஏறுதல் ஆகாது. இளைஞர் குறுக்கு வழி கண்டுபிடிப்பதைப் பெருமையாகக் கருதுவர்; பெயர்ப் பட்டியலைச் சரிபார்ப்பதே அதற்கு மருந்து.

இரண்டாம் நாள் பஜ்ருத் தொழுகை முடிந்தவுடன் ஐந்தருவி. அவ்வேளையில் கூட்டம் குறைவு. ஓடை பாறைமேல் ஐந்து கிளைகளாகப் பிரிந்து விழுகின்றது. மகளிர்க்குத் தனி இடம் உண்டு. நீராடிய பின்னர், அருகில் தோட்டக்கலைத் துறையின் சுற்றுச்சூழல் பூங்காவுக்குச் செல்க. குற்றாலத்துக்கும் தோட்டத்துக்கும் உள்ள உறவு பழையது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே கிழக்கிந்தியக் கம்பெனியார் இங்குக் கிராம்பு, சாதிக்காய், இலவங்கப்பட்டை முதலிய நறுமணப் பயிர்களை வளர்க்க முயன்றனர். இராபர்ட் வைட் என்னும் தாவரவியலார் 1830களில் இம்மலையில் செடிகளைத் திரட்டி ஆராய்ந்தார். மங்குஸ்தானும் ரம்புத்தானும் இன்றும் பருவத்தில் கடைவீதியில் குவிந்திருத்தல் காணலாம்.

பூங்காவில் படம் எடுத்துத் திரிவதற்கு அரைமணி கொடுத்துவிடுக, கொடாவிடினும் எடுத்துக்கொள்வர். அதன் பின் ஒரு மரத்தடியில் வட்டமாக அமர்ந்து குற்றாலக் குறவஞ்சியில் குறத்தி மலைவளம் கூறும் பகுதியை உரக்கப் படிக்கச் செய்க. அவள் கூறும் வானரமும் அருவியும் கண்முன் இருக்கும். வானரங்கள் பைகளையும் பறிக்கும். எம் மாணவர் ஒருவரின் சிற்றுண்டிப் பொதி அவ்வாறு போயிற்று. இந்நூலுக்காக மதுரை நாயக்க மன்னர் முத்துவிசயரங்க சொக்கநாதர் கவிராயர்க்கு நிலம் வழங்கினார். அந்நிலம் குறவஞ்சிமேடு எனப் பெயர் பெற்றது. இதே குற்றாலத்தில்தான் இரசிகமணி டி. கே. சிதம்பரநாத முதலியார் தம் பிற்காலத்தில் வாழ்ந்து, வந்தோர்க்கெல்லாம் கவிதையை விருந்தாக்கி, 1954இல் மறைந்தார். அவர் நினைவிடமும் இங்கு உள்ளது. கவிதையை வாய்விட்டுப் படித்தே சுவைத்தல் வேண்டும் என்ற அவர் ஊரில் மௌன வாசிப்புப் பொருந்தாது.

நண்பகல் உணவுக்கு மாணவர் செங்கோட்டைச் சாலையிலுள்ள பிரானூர் ‘பார்டர்’ புரோட்டாக் கடைகளையே கேட்பர். போகலாம். ஆயின் ‘பார்டர்’ எது என்று ஒரு வினா கேட்டுவிட்டுப் போகலாம். செங்கோட்டை 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர்ப் பக்கம் இருந்தது; சென்னை மாநிலத்தின் எல்லை இங்கு முடிந்தது. எல்லை போயிற்று, பெயர் கடைப்பலகைகளில் நிற்கின்றது.

திருமலைக்கோயில், குண்டாறு அணை, திருமலாபுரத்துப் பாண்டியர் குடைவரை ஆகிய மூன்றையும் இத்திட்டத்தில் சேர்க்கவில்லை. காணத்தகாதன என்பதன்று, இரண்டு நாளில் பத்து இடம் காண்பவர் எதனையும் காணார். வரலாறு படிப்போர் வேண்டுமாயின் பூங்காவை விட்டு, ஓவியச் சுவடுகள் எஞ்சிய அக்குடைவரைக்குச் செல்லலாம்.

திரும்பும் வழி மட்டும் பேருந்து, கடையம் வழியாக. பாரதியார் 1918 இறுதியில் புதுவையிலிருந்து மீண்டு, மனைவி செல்லம்மாளின் ஊராகிய கடையத்தில் 1920 வரை வாழ்ந்தார். அங்கிருந்து சிறிது தொலைவில் பொட்டல்புதூர். 1920இல் பாரதியார் இவ்வூருக்கு வந்து முஸ்லிம் பெருமக்கள் நடுவே இஸ்லாத்தின் மகிமை பற்றிச் சொற்பொழிவு ஆற்றினார். இங்குள்ள முகைதீன் ஆண்டவர் பள்ளிவாசலைக் காணும் மாணவர் முதலில் மலைப்பர். கல்தூண்கள், மண்டபம், சுற்று வழி அனைத்தும் தமிழகக் கோயிற் கட்டடக் கலை சார்ந்தவை. முந்தைய நாள் தென்காசியில் தூண் உறுப்புகளின் பெயர்களைக் குறித்துக்கொண்ட மாணவி, இங்கும் அதே உறுப்புகளை இனங்கண்டு எம்மிடம் காட்டினாள். உருவங்கள் மட்டும் இல்லை. எல்லாச் சமயத்தாரும் இங்கு வருகின்றனர். தர்கா வழிபாடு பற்றி நம்மவரிடையே கருத்து வேறுபாடு உண்டு என்பதை அறிவோம். அதனுள் இக்கட்டுரை புகவில்லை. கட்டடம் காண வந்தோர் காண்க. தொழ வந்தோர் அஸர் தொழுக.

இருட்டுமுன் அம்பாசமுத்திரம் கடந்துவிடலாம். இரவு உணவுக்கு அவரவர் இல்லம்.

இவ்வாண்டு வருவோர் கையில் குற்றாலக் குறவஞ்சி ஒரு படி, குறிப்பேடு, மாற்றுடை இரண்டு, துண்டு, குடை ஆகியன இருத்தல் வேண்டும். அருவிகளில் சோப்பு, ஷாம்பு, எண்ணெய் ஆகியவற்றுக்குத் தடை உண்டு. எனவே அவை வேண்டா. பெற்றோர் கையொப்பமிட்ட இசைவுக் கடிதத்தைப் பயணத்துக்கு ஒரு வாரம் முன்னரே துறையில் சேர்த்துவிடுக. பேத்தியின் கடிதத்தை அப்பெரியவர் முதல் ஆளாகக் கொணர்ந்து கொடுத்தார், “கெழவனுக்கும் ஒரு இடம் இருக்குமா தம்பி?” என்றும் கேட்டார். சாளரத்தோரம் ஓர் இருக்கை அவருக்கென எழுதி வைத்துள்ளோம்.